பேச்சு வருவதற்கு முன்: பிரிட்டனின் கடைசி ஊமைக் குறும்படங்கள், கேள்வி பதில்

எந்தக் காலத்தைப் பற்றிப் பேசுகிறோம்?

ஏறக்குறைய 1924 முதல் 1930 வரை. 'தி ஜாஸ் சிங்கர்' என்ற அமெரிக்கப் பேசும்படம் லண்டனுக்கு வந்தது 1928 செப்டம்பரில். அடுத்த ஜூனில் ஹிட்ச்காக்கின் 'பிளாக்மெயில்' பேசியது. அதற்குப் பிறகு ஊமைப்படத்துக்கு வணிகத் திரையில் எதிர்காலம் இல்லை என்று எல்லோருக்கும் புரிந்துவிட்டது. சில தொடர்கள் 1922-லேயே தொடங்கியவை என்பதால் அங்கங்கே கொஞ்சம் பின்னோக்கியும் போக வேண்டியிருக்கும்.

அந்த ஆண்டுகளின் முழுநீளப் படங்களைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். குறும்படங்களைப் பற்றிப் பேச்சு குறைவு. அன்றைய பிரிட்டிஷ் சினிமாவின் துணிச்சலான வேலைகளில் பெரும்பகுதி குறும்படங்களில்தான் நடந்தது என்பது என் உறுதியான எண்ணம். யாரும் அவற்றைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, அதனால் யாரும் அவற்றைத் தடுக்கவும் இல்லை.

அப்போது தியேட்டரில் குறும்படத்துக்கு எங்கே இடம்?

ஒரு டிக்கெட்டுக்கு ஒரு படம் என்ற வழக்கம் அன்று இல்லை. நியூஸ் ரீல் என்ற செய்திப்படம், பெண்களுக்கான 'ஈவ்ஸ் ஃபிலிம் ரிவ்யூ' போன்று பல துணுக்குகளைக் கோத்த ஒரு பத்திரிகைப் படம், ஒரு நகைச்சுவை, ஒரு கார்ட்டூன் அல்லது ஊர் சுற்றிக் காட்டும் படம், அப்புறம்தான் மெயின் படம். காட்சி இடைவிடாமல் சுற்றிக்கொண்டே இருக்கும். ஜனங்கள் நடுவில் வந்து உட்கார்ந்து, பார்த்த இடம் திரும்ப வந்ததும் எழுந்து போவார்கள்.

'ஒரு ரீல்', 'இரண்டு ரீல்' என்றால் எவ்வளவு நேரம்?

ஒரு ரீல் என்பது சுமார் 1,000 அடி ஃபிலிம். அடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனித்தனிப் படங்கள். வினாடிக்கு 16 ஃபிரேம் ஓட்டினால் பதினாறு, பதினேழு நிமிடம் வரும். 24 ஃபிரேம் ஓட்டினால் பதினொரு நிமிடத்தில் முடிந்துவிடும். ஊமைப்படத்துக்குக் கட்டாய வேகம் எதுவும் கிடையாது. ஆபரேட்டர் கைக்கும் தியேட்டர்காரர் அவசரத்துக்கும் ஏற்ப அது மாறும். பழைய படங்களில் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுவதுபோல் தெரிவதற்குக் காரணம், மெதுவாக எடுத்த படத்தைப் பிற்காலத்தில் வேகமாக ஓட்டியதுதான். எடுத்தவர்கள் அப்படி நினைத்து எடுக்கவில்லை.

பிரிட்டிஷ் சினிமா அப்போது எந்த நிலையில் இருந்தது?

மிக மோசமான நிலையில். 1920-களின் நடுவில் பிரிட்டிஷ் திரைகளில் ஓடிய படங்களில் உள்நாட்டுப் படங்கள் 5 சதவீதம் அளவுக்குத்தான் இருந்தன. மீதியில் பெரும்பாலானவை ஹாலிவுட்டிலிருந்து வந்தவை. அமெரிக்க விநியோகஸ்தர்கள் ஒரு நட்சத்திரப் படத்தோடு இன்னும் எடுத்தே முடிக்காத பல படங்களையும் சேர்த்துத் தியேட்டர்களின் தலையில் கட்டினார்கள். 1924 நவம்பரில் பிரிட்டனின் ஸ்டுடியோக்கள் எல்லாமே வேலையின்றி இருட்டில் கிடந்தன என்று அந்தக் காலத்தவர்கள் சொல்வார்கள்.

சினிமாவின் தொடக்க நாட்களிலிருந்து படமெடுத்த சிசில் ஹெப்வொர்த் அதே 1924-ல் திவாலானார். கடன்காரர்களுக்காக அவருடைய நெகட்டிவ்களை விற்றார்கள். வாங்கியவர்கள் அவற்றை உருக்கிவிட்டார்கள். கால் நூற்றாண்டு உழைப்பு அப்படிப் போனது. அவர் கம்பெனியின் கடைசி நாட்களில் காஸ்டன் குரிபெ என்ற பிரெஞ்சுக்காரர் எடுத்த 'தி ஃபியூஜிட்டிவ் ஃபியூச்சரிஸ்ட்' என்ற சின்னப் படம் தப்பிப் பிழைத்திருக்கிறது. எதிர்காலத்தைக் காட்டும் இயந்திரம் ஒன்றை வைத்திருப்பதாகச் சொல்லும் ஒருவர், லண்டனின் டிரஃபால்கர் சதுக்கம் தண்ணீரில் மூழ்கியிருப்பதைக் காட்டுகிறார். கம்பெனி மூழ்கிக்கொண்டிருந்த அதே வருடத்துப் படம் அது.

பணமே இல்லாதபோது குறும்படம் எடுத்தவர்கள் யார்?

பணம் இல்லாததால்தான் பலர் குறும்படத்துக்கு வந்தார்கள். ஏட்ரியன் புருனெல் அவர்களில் முக்கியமானவர். முழுநீளப் படம் எடுக்க முதலீடு கிடைக்காமல், 1924-ல் 'கிராஸிங் தி கிரேட் சக்ராடா' என்ற படத்தை மிகக் குறைந்த செலவில் எடுத்தார். ஆப்பிரிக்கப் பாலைவனத்தைக் கடந்தோம், காட்டைக் கடந்தோம் என்று ஆய்வுப் பயணிகள் எடுத்த படங்கள் அப்போது பெரிய மோஸ்தரில் இருந்தன. புருனெல் ஒட்டுத் தாடியை மாட்டிக்கொண்டு தானும் பயணியானார். வேறு படங்களின் பழைய துண்டுகளை எடுத்து, அதற்குக் கொஞ்சமும் பொருந்தாத எழுத்து அட்டைகளை, அதாவது காட்சிகளுக்கு நடுவே வசனமும் விளக்கமும் எழுதிக் காட்டும் அட்டைகளை, சொருகினார். படம் ஒன்று சொல்லும், அட்டை வேறொன்று சொல்லும். அந்த முரணில் சிரிப்பு வரும். கூடவே, திரையில் அட்டை எதைச் சொன்னாலும் நம்பிவிடுகிறோமே என்ற யோசனையும் வரும்.

இது ஏதோ அதிர்ஷ்டத்தில் கைவந்த உத்தி என்று நினைத்துவிடக் கூடாது. புருனெல் எடிட்டிங் மேஜையில் வாழ்ந்தவர். பிற்பாடு ஐவர் மான்டகுவோடு சேர்ந்து நடத்திய கம்பெனியில், வெளிநாட்டுப் படங்களை பிரிட்டிஷ் தியேட்டர்களுக்கு ஏற்ப வெட்டி ஒட்டி, அட்டைகளைப் புதிதாக எழுதித் தருவதுதான் அன்றாட வேலை. எழுத்து அட்டைக்கு எவ்வளவு பலம் என்று அவர்களைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் லண்டனில் குறைவு.

தயாரிப்பாளர் மைக்கேல் பால்கனின் கெயின்ஸ்பரோ கம்பெனி அவரைக் கூப்பிட்டு இதே வகையில் மேலும் சில படங்களை எடுக்க வைத்தது. நியூஸ் ரீலைக் கிண்டல் செய்யும் 'எ டிபிக்கல் பட்ஜெட்', தணிக்கை அதிகாரியின் ஒரு நாளைக் காட்டும் 'கட் இட் அவுட்' எல்லாம் 1925-ல் வந்தவை. தணிக்கைக் குழுவின் சான்றிதழ் இல்லாமல் படம் ஓடாத காலத்தில், தணிக்கையையே கேலிப் பொருளாக்கி எடுத்தார் புருனெல். முழுநீளப் படத்தில் அதற்கு எந்த முதலாளியும் சம்மதித்திருக்க மாட்டார்.

நாவலாசிரியர் எச். ஜி. வெல்ஸ் ஊமைப்படத்துக்குக் கதை எழுதினாரா?

எழுதினார். 1928-ல் மூன்று நகைச்சுவைக் குறும்படங்கள் வந்தன: 'புளூபாட்டில்ஸ்', 'டேட்ரீம்ஸ்', 'தி டானிக்'. கதைக் கரு வெல்ஸுடையது. அவர் மகன் ஃபிராங்க் வெல்ஸும் உடன் வேலை செய்தார். இயக்கம் ஐவர் மான்டகு. ஹிட்ச்காக்கின் 'தி லாட்ஜர்' படத்தை விநியோகஸ்தர் வெளியிட மறுத்தபோது, அட்டைகளைக் குறைத்து அதைச் சீர் செய்து கொடுத்தவர் இந்த மான்டகுதான். சர்வதேச டேபிள் டென்னிஸ் கூட்டமைப்பின் முதல் தலைவரும் இவரே.

மூன்றிலும் நாயகி எல்சா லான்செஸ்டர். உடல் முழுவதையும் நூல் கட்டிய பொம்மைபோல் வளைக்கக்கூடிய நடிகை. 'புளூபாட்டில்ஸ்' கதை இவ்வளவுதான்: ஒரு பெண் தெருவில் கிடக்கும் போலீஸ் விசில் ஒன்றை எடுத்து ஊதிப் பார்க்கிறாள். ஒரு போலீஸ்காரர் ஓடி வருகிறார். பிறகு பத்துப் பேர், பிறகு ஊரிலுள்ள போலீஸ் எல்லாம். அப்புறம் டாங்கி, விமானம் என்று உண்மையான ராணுவக் காட்சிகளை மான்டகு நடுவில் வெட்டி ஒட்டுகிறார். ஒரு சின்ன விசிலுக்கு ஒரு சாம்ராஜ்யமே திரண்டு வருகிறது. ஒலியே இல்லாத படத்தின் கதை முழுக்க ஒரு சத்தத்தைச் சுற்றி நடக்கிறது, நமக்கோ அந்த விசில் காதில் விழுந்துகொண்டே இருப்பதுபோல் ஓர் உணர்வு. ஊமைப்படக் கலை முதிர்ந்த நிலையில் என்ன செய்ய முடியும் என்று யாராவது கேட்டால் நான் முதலில் காட்டுவது இதைத்தான்.

'டேட்ரீம்ஸ்' படத்தில் ஒரு விடுதிப் பெண் காணும் பகற்கனவுகள் வருகின்றன. 'தி டானிக்'கில், பணக்கார அத்தை செத்தால் சொத்து கிடைக்கும் என்று நினைக்கும் குடும்பம், மருந்தை மாற்றிக் கொடுத்துவிடுவாள் என்ற நம்பிக்கையில் சாமர்த்தியம் இல்லாத ஒரு வேலைக்காரியை அனுப்புகிறது. அத்தை தேறிவிடுகிறாள். முதல் இரண்டில் சின்ன வேடங்களில் வருபவர் சார்ல்ஸ் லாட்டன், பிற்பாடு உலகப் புகழ் பெற்றவர். 1929-ல் லாட்டனும் லான்செஸ்டரும் திருமணம் செய்துகொண்டார்கள்.

இந்த மூன்றும் வந்த நேரம்தான் துரதிர்ஷ்டம். தியேட்டர்கள் எல்லாம் பேசும்படத்துக்கு மெஷின் வாங்கும் மும்முரத்தில் இருந்தன.

இயற்கைப் படங்கள் பிரபலம் என்கிறார்களே, உண்மையா?

உண்மை. 'சீக்ரெட்ஸ் ஆஃப் நேச்சர்' தொடர் 1922-ல் தொடங்கி 1933 வரை வந்தது. எடுத்தது பிரிட்டிஷ் இன்ஸ்ட்ரக்ஷனல் ஃபிலிம்ஸ், அதை நடத்தியவர் எச். புரூஸ் வுல்ஃப். மொத்தம் 144 படங்கள். சாதாரண தியேட்டரில், நகைச்சுவைப் படத்துக்கும் மெயின் படத்துக்கும் நடுவே, காசு கொடுத்து வந்த ஜனங்கள் பார்த்த படங்கள் இவை. பள்ளிக்கூடத்துக்கு மட்டும் என்று எடுத்தவை அல்ல.

'தி குக்கூஸ் சீக்ரெட்' என்ற படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். குயில் வகையைச் சேர்ந்த அந்தப் பறவை, தரையில் முட்டையிட்டு அலகில் கவ்விக்கொண்டு போய் அடுத்த பறவையின் கூட்டில் வைக்கிறதா, கூட்டிலேயே உட்கார்ந்து இடுகிறதா என்று பறவை ஆர்வலர்களிடையே பெரிய சண்டை. எட்கர் சான்ஸ் என்பவர் பறவையின் நடமாட்டத்தைத் துல்லியமாகக் கணித்துச் சொல்ல, ஆலிவர் பைக் மறைவிடத்தில் கேமராவோடு காத்திருந்தார். பறவை கூட்டிலேயே முட்டையிட்டது படத்தில் பதிவானது.

தொடரின் உயிர்நாடி பெர்சி ஸ்மித். கல்வித் துறையில் குமாஸ்தாவாக இருந்தவர். வடக்கு லண்டனில் சவுத்கேட்டில் இருந்த தன் வீட்டையே ஸ்டுடியோவாக மாற்றிக்கொண்டார். செடி வளர்வதை, பூ விரிவதை, பூஞ்சணம் பரவுவதை நம் கண் முன் நடப்பதுபோல் காட்டினார். செய்முறையைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். கால் மணி நேரத்துக்கு ஒரு ஃபிரேம் என்று வைத்தால் ஒரு நாளைக்கு 96 ஃபிரேம். வினாடிக்கு 16 ஃபிரேம் ஓட்டினால் திரையில் அது வெறும் 6 வினாடி. ஒரு நிமிடக் காட்சி வேண்டுமென்றால் கேமரா பத்து நாள் இரவு பகலாக நிற்க வேண்டும். நடுவில் ஒரு விளக்கு அணைந்தாலும், செடி வாடினாலும் முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். அதனால் ஃபிலிம் மாற்ற வேண்டிய நேரத்தில் தன்னை எழுப்ப நடுராத்திரியில் மணி அடிக்கும்படி வீட்டிலேயே ஏற்பாடு செய்திருந்தார் ஸ்மித். கருவிகள் எல்லாம் கையில் கிடைத்த சாமான்களைக் கொண்டு அவரே செய்தவை.

சரித்திர ஆசிரியையாக இருந்த மேரி ஃபீல்ட் 1920-களின் நடுவில் கம்பெனியில் சேர்ந்து, இந்தத் தொடரைத் தொகுத்து வடிவம் கொடுத்தார். 'தி பிளான்ட்ஸ் ஆஃப் தி பேன்ட்ரி' (1927) சமையலறைப் பண்டங்களில் பூக்கும் பூஞ்சணத்தைப் பற்றியது. அழுகும் ரொட்டியும் ஜாமும் இவ்வளவு அழகாக இருக்க முடியும் என்று காட்டியதற்கே ஸ்மித், ஃபீல்ட் என்ற பெயர்கள் நினைவில் நிற்க வேண்டும்.

ஒரு சின்னத் தகவல்: ஹிமான்ஷு ராயின் 'ஷிராஸ்' (1928) என்ற இந்திய ஊமைப்படத்தின் தயாரிப்பில் பங்கு வகித்ததும் இதே பிரிட்டிஷ் இன்ஸ்ட்ரக்ஷனல் கம்பெனிதான்.

கார்ட்டூன் படங்கள்?

இருந்தன. அமெரிக்காவின் ஃபீலிக்ஸ் பூனைக்குப் போட்டியாக ஜி. ஈ. ஸ்டடி வரைந்த பான்ஸோ என்ற குண்டு நாய்க்குட்டி 1924 முதல் 26 படங்களில் வந்தது. வாழ்த்து அட்டையிலும் பத்திரிகையிலும் முன்பே எல்லோருக்கும் தெரிந்த நாய் அது. கார்டிஃப் நகரில் புரொஜெக்டர் ஓட்டிக்கொண்டிருந்த சிட் கிரிஃபித்ஸ் உருவாக்கிய ஜெர்ரி என்ற இன்னொரு நாய் 1925 முதல் 1927 வரை பாத்தே நிறுவனத்தின் பத்திரிகைப் படத்தில் வந்தது. வரைபவரின் கையோடு சண்டை பிடிக்கும் நாய். எனக்குப் பான்ஸோவைவிட ஜெர்ரியைப் பிடிக்கும், கோடுகளில் கட்டுப்பாடற்ற ஒரு துள்ளல் இருக்கிறது.

கலர் உண்டா?

உண்டு. கிளாட் ஃபிரீஸ்-கிரீன் 1924-லிருந்து 1926 வரை, நாட்டின் தென்மேற்கு முனையான லேண்ட்ஸ் எண்டிலிருந்து ஸ்காட்லாந்தின் ஜான் ஓ கிரோட்ஸ் வரை காரில் போய் 'தி ஓபன் ரோட்' என்ற தொடரை எடுத்தார். பத்து நிமிடம் வீதம் 26 பகுதிகள். அடுத்தடுத்த ஃபிரேம்களை இரண்டு வெவ்வேறு நிற வடிகட்டி வழியாக எடுத்து, பிறகு அவற்றுக்குச் சாயம் ஏற்றி வேகமாக ஓட்டுவது அவருடைய முறை. கண் இரண்டையும் சேர்த்துக்கொள்ளும் என்பது கணக்கு. ஆனால் படம் கண்ணைப் பறிக்கும்படி சிமிட்டியது. ஆள் அசைந்தால் ஓரத்தில் நிறம் பிசிறியது. வியாபாரம் ஆகவில்லை. எண்பது வருடம் கழித்து, 2000-களில், பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் கம்ப்யூட்டர் உதவியால் சிமிட்டலை நீக்கியது. அவர் மனதில் பார்த்த நிறங்களை ஜனங்கள் அப்போதுதான் பார்த்தார்கள்.

லண்டனையே காட்டும் படங்கள் இருக்கின்றனவா?

'வொண்டர்ஃபுல் லண்டன்' (1924) தொடரைப் பாருங்கள். ஹாரி பார்க்கின்சனும் ஃபிராங்க் மில்லரும் எடுத்தது. 'பார்ஜிங் த்ரூ லண்டன்' ரீஜன்ட்ஸ் கால்வாயில் படகோடு மெல்லப் போகிறது, அவ்வளவுதான் விஷயம். பின்னாளில் குண்டுவீச்சில் அழிந்த நகரத்தின் முதுகுப்புறம் அதில் இருக்கிறது. ஆனால் அதே தொடரின் 'காஸ்மோபாலிட்டன் லண்டன்' வெளிநாட்டவர் வாழும் பகுதிகளைக் காட்டும்போது எழுத்து அட்டைகளில் அப்பட்டமான இனவெறி தெரிகிறது. படம் காட்டும் முகங்கள் இயல்பாக இருக்கின்றன; அட்டை அவர்களை இழிவு செய்கிறது. இதை மறைத்துவிட்டுத் தொடரைப் புகழ எனக்கு மனமில்லை.

ஃபிலிம் சொசைட்டி என்றால் என்ன?

உறுப்பினர்களுக்குப் படம் காட்டிய ஒரு சங்கம். 1925 அக்டோபர் 25, ஞாயிற்றுக்கிழமை, லண்டன் ரீஜன்ட் தெருவின் நியூ கேலரி கினிமாவில் முதல் காட்சி. மான்டகு, விமர்சகர் ஐரிஸ் பேரி, புருனெல், சிட்னி பெர்ன்ஸ்டீன் போன்றவர்கள் சேர்ந்து தொடங்கியது. சந்தா கட்டிய உறுப்பினர்களுக்கு மட்டும் என்பதால் தணிக்கைச் சான்றிதழ் தேவைப்படவில்லை. ஜெர்மன், சோவியத் படங்களோடு உள்ளூர்க் குறும்படங்களுக்கும் அங்கே மேடை கிடைத்தது.

1929 நவம்பர் 10 அன்று, பொதுத் திரையில் தடை செய்யப்பட்டிருந்த 'போட்டம்கின்' என்ற சோவியத் படத்தோடு ஜான் கிரியர்ஸனின் 'டிரிஃப்டர்ஸ்' காட்டப்பட்டது. ஹெர்ரிங் மீன் பிடிக்கப் போகும் படகுகளைப் பற்றிய படம். நீளம் குறும்படத்தைத் தாண்டியது, ஆனால் மெயின் படம் என்றும் சொல்ல முடியாது. பணம் கொடுத்தது எம்பயர் மார்க்கெட்டிங் போர்டு என்ற அரசு அமைப்பு. பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கம் இதிலிருந்து கிளைத்ததுதான். இலங்கையின் தேயிலைப் பிரச்சாரத்துக்காகத் தொடங்கி வேறெங்கோ போய்ச் சேர்ந்த 'சாங் ஆஃப் சிலோன்' (1934) அந்தக் கிளையில் பூத்தது.

மூன்று வாரம் கழித்து, டிசம்பர் 1-ல், நியூசிலாந்திலிருந்து வந்த லென் லை வரைந்த 'துசாலாவா' அங்கேயே திரையேறியது. பத்து நிமிடத்துக்கும் குறைவு. ஆயிரக்கணக்கான ஓவியங்களைத் தனியாளாக வரைந்தார். புழுவும் உயிரணுவும் போன்ற வடிவங்கள் ஒன்றையொன்று விழுங்குகின்றன. கதையில்லை. இரண்டு பியானோவுக்கு ஜாக் எலிட் எழுதிய இசை தொலைந்துவிட்டது.

ஹிட்ச்காக் குறும்படம் எடுத்தாரா?

1923-ல் 'ஆல்வேஸ் டெல் யுவர் ஒய்ஃப்' என்ற இரண்டு ரீல் நகைச்சுவைப் படத்தை, இயக்குநர் பாதியில் விலகியதும், நடிகர் சீமோர் ஹிக்ஸோடு சேர்ந்து முடித்துக் கொடுத்தார். ஒரு ரீல்தான் மிஞ்சியிருக்கிறது.

1927-ல் வந்த சட்டம் குறும்படத்துக்கு உதவவில்லையா?

அந்தச் சட்டம் உள்நாட்டுப் படத்துக்கு இட ஒதுக்கீடு கொடுத்தது. 1928-ல் நடைமுறைக்கு வந்தது. தியேட்டர்கள் 5 சதவீதத்தில் தொடங்கிப் படிப்படியாக 20 சதவீதம் வரை பிரிட்டிஷ் படம் ஓட்ட வேண்டும். எடுத்து முடிக்காத படங்களைக் குருட்டாம்போக்கில் முன்பதிவு செய்வதையும் அது தடுத்தது. முழுநீளப் படங்களின் எண்ணிக்கை மளமளவென்று ஏறியது.

ஆனால் செய்திப்படம், இயற்கைக் காட்சி, தொழில் முறைகளைக் காட்டுவது, அறிவியல் படம் போன்ற வகைகளைச் சட்டம் பொதுவாக ஒதுக்கீட்டுக் கணக்கில் சேர்க்கவில்லை. அதாவது பிரிட்டன் உலகத் தரத்தில் செய்துகொண்டிருந்த வேலையைத்தான் வெளியே நிறுத்தியது. அந்தச் சட்டத்தின் பெரிய குறை இதுதான் என்று நான் சொல்வேன். ஒதுக்கீட்டை நிரப்ப அவசரமாக எடுத்த மலிவுப் படங்கள் பெருகின. 1930-களில் ஒரு டிக்கெட்டுக்கு இரண்டு முழுநீளப் படம் என்ற வழக்கம் பரவியபோது, குறும்படம் நின்ற இடத்தை அவையே பிடித்துக்கொண்டன.

ஒலி வந்ததும் ஒரே நாளில் எல்லாம் முடிந்துவிட்டதா?

இல்லை. சின்ன ஊர்த் தியேட்டர்களில் 1930-க்குப் பிறகும் ஊமைப்படம் ஓடியது. அமெரிக்கக் கண்டுபிடிப்பாளர் லீ டி ஃபாரஸ்டின் ஃபோனோஃபிலிம் என்ற ஒலிப்பட முறையில் பேசும், பாடும் குறும்படங்கள் 1926-லிருந்தே லண்டனில் எடுக்கப்பட்டன, ஆகவே இரண்டும் சில வருடம் பக்கத்துப் பக்கத்தில் வாழ்ந்தன. 'சீக்ரெட்ஸ் ஆஃப் நேச்சர்' விளக்கவுரையும் இசையும் சேர்த்துக்கொண்டு தப்பித்தது. தப்பிக்காதது புருனெல் பாணிக் கேலிப் படம். அது எழுத்து அட்டையை நம்பியது. அட்டையே போன பிறகு அதற்கு நிற்க இடமில்லை. ஒலிப்பதிவுச் செலவு வேறு, நண்பர்கள் கூடி நாலு நாளில் எடுக்கும் படத்தை எட்டாத தூரத்துக்குத் தள்ளிவிட்டது. தியேட்டர்களில் வாசித்துக்கொண்டிருந்த ஆயிரக்கணக்கான இசைக்கலைஞர்களும் அப்போதுதான் வேலை இழந்தார்கள்.

எவ்வளவு படங்கள் மிஞ்சியிருக்கின்றன?

குறைவுதான். அன்று பயன்பட்ட நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பிடிக்கும், காலப்போக்கில் தானாகவே பொடிந்து போகும். அதிலுள்ள வெள்ளிக்காக உருக்கியவர்களும் உண்டு. தேசிய ஃபிலிம் நூலகம் 1935-ல்தான் தொடங்கியது, அதற்குள் நிறையப் போய்விட்டது. சில படங்கள், வீட்டில் போட்டுப் பார்க்க விற்ற 9.5 மி.மீ. சுருக்கப் பிரதிகளாக மட்டும் பிழைத்தன. நட்சத்திரம் இல்லாத ஒரு ரீல் படத்தைப் பத்திரப்படுத்த வேண்டும் என்று யாருக்குத் தோன்றியிருக்கும்?

எங்கே பார்க்கலாம், எதில் தொடங்கலாம்?

பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டின் யூடியூப் பக்கத்தில் 'தி ஓபன் ரோட்', 'வொண்டர்ஃபுல் லண்டன்' துண்டுகள் கிடைக்கும். பிரிட்டிஷ் பாத்தே 2014-ல் தன் சேகரிப்பிலிருந்து 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. பத்திரிகைப் படங்களைத் தேட அதுதான் இடம்.

முதலில் 'புளூபாட்டில்ஸ்'. சிரித்து முடித்ததும் பெர்சி ஸ்மித்தின் ஏதாவது ஒரு பூ. அதற்குப் பிறகு 'துசாலாவா'. புருனெலைக் கடைசியில் வையுங்கள். அவர் எதைக் கிண்டல் செய்கிறார் என்று புரிய, நிஜமான பயணப்படம் ஒன்றையும் நியூஸ் ரீல் ஒன்றையும் முன்பே பார்த்திருப்பது நல்லது.

சத்தமே இல்லாமல்தான் பார்க்க வேண்டுமா?

வேண்டாம். அன்று எந்தத் தியேட்டரும் மௌனமாக இருந்ததில்லை, பெரிய ஊரில் இசைக்குழுவும் சின்ன ஊரில் பியானோவும் வாசித்தன. இணையத்தில் ஏற்றியவர் ஏதோ பொருந்தாத பாட்டைச் சேர்த்திருந்தால் அதை அணைத்துவிட்டு, உங்களுக்குப் பிடித்த வாத்திய இசை எதையாவது போட்டுக்கொள்ளுங்கள். அப்புறம் வேகத்தையும் கவனியுங்கள். நடப்பவர்கள் ஓடுவதுபோல் தெரிந்தால், பிளேயரில் முக்கால் வேகத்துக்குக் குறைத்தாலே போதும்.